சூசன் பீட்டர்ஸ்: ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’ கிட்டிக்கு அப்புறம் என்ன ஆச்சு?

பிலிம்சுருள்77 (கேள்வி)

‘ராண்டம் ஹார்வெஸ்ட்’ (1942) பார்த்தவங்களுக்கு ரொனால்ட் கோல்மன், கிரீர் கார்சன் ரெண்டு பேரைத் தவிர இன்னொரு முகமும் மனசுல நிக்கும். கிட்டியா வர்ற சூசன் பீட்டர்ஸ். அந்த ஒரு வேஷத்துக்கே துணை நடிகை ஆஸ்கர் பரிந்துரை. ஆனா படப் பட்டியலை எடுத்துப் பார்த்தா 1945-லயே கிட்டத்தட்ட முடிஞ்சுபோகுது. தேடினா கிடைக்கிறதெல்லாம் ஒரே வரி: துப்பாக்கி விபத்து, அதோட சரி.

20 நிமிஷ வீடியோ ஒண்ணுக்குக் குறிப்பு எடுத்துட்டிருக்கேன். கேட்க வேண்டியது இவ்வளவுதான்: எந்தப் படத்தை எந்த வரிசையில பார்க்கணும்? விபத்துக்கு அப்புறம் உண்மையிலேயே எதுவும் பண்ணலையா? சாவுக்குக் காரணம் ஒவ்வொருத்தரும் ஒவ்வொண்ணு எழுதியிருக்காங்க, எதை நம்பலாம்? தெரிஞ்சவங்க சொல்லுங்க.

கருப்புவெள்ளை

முதல்ல பேரைச் சரி பண்ணிடுவோம், ஏன்னா அங்கேயே பாதிப் பேர் தடுக்கி விழறாங்க. பிறந்தப்போ வச்ச பேரு சுசான் கார்னஹன். 1921 ஜூலை 3, வாஷிங்டன் மாநிலம் ஸ்போகேன். ஆரம்பப் படங்கள்ல இந்தப் பேர்லதான் வருவாங்க, அதனால ‘சூசன் பீட்டர்ஸ்’னு தேடினா சில படம் தட்டுப்படாது. இன்னொரு குழப்பம் ஜீன் பீட்டர்ஸ். அவங்க ஃபாக்ஸ் ஸ்டுடியோ நடிகை, ஹோவர்ட் ஹியூஸைக் கல்யாணம் பண்ணவங்க. ரெண்டு பேர் ஸ்டில்லும் இணையத்துல கலந்து கிடக்கு. படத்தோட பேரு சரியா இருக்கான்னு பார்க்காம எதையும் எடுக்காதீங்க.

பார்க்க வேண்டிய வரிசை:

‘சான்ட்டா ஃபே ட்ரெயில்’ (1940, வார்னர் ஸ்டுடியோ, இயக்கம் மைக்கேல் கர்ட்டிஸ்). எரல் ஃப்ளின், ஒலிவியா டி ஹாவிலண்ட் படம். சார்லட்ங்கிற சின்ன வேஷம். நடிப்புக்காகப் பார்க்க வேண்டாம். வார்னர் இவங்களை எப்படி வச்சிருந்துதுன்னு புரியறதுக்காக ரெண்டு காட்சி பார்த்தாப் போதும்: அழகா நிக்கணும், கதாநாயகன் நண்பனைப் பார்த்துச் சிரிக்கணும். அவ்வளவுதான் வேலை. 1941-ல ‘மீட் ஜான் டோ’ மாதிரி படங்கள்ல பேரே போடாத துண்டு வேஷம். ‘தி பிக் ஷாட்’ (1942) ஹம்ஃப்ரி போகார்ட் படம், அதுல கொஞ்சம் இடம் கிடைச்சுது. ஒப்பந்தத்தை நீட்டிக்கிற ஆப்ஷனை வார்னர் புதுப்பிக்காம விட்டுட்டாங்க.

அடுத்தது எம்ஜிஎம் ஸ்டுடியோ. ‘டிஷ்’ (1942) அவங்களை அங்கே கொண்டுபோய்ச் சேர்த்துது. அதே வருஷம் ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’, இயக்கம் மெர்வின் லெராய். அப்புறம் ‘அசைன்மென்ட் இன் பிரிட்டனி’ (1943), ஜூல்ஸ் டாசின் இயக்கின ‘யங் ஐடியாஸ்’ (1943), ராபர்ட் டெய்லரோட ‘சாங் ஆஃப் ரஷ்யா’ (1944), லானா டர்னர், லாரெய்ன் டேயோட ‘கீப் யுவர் பவுடர் டிரை’ (1945). ராணுவக் கதையான இந்தக் கடைசிப் படம் விபத்துக்கு முன்னாடியே எடுத்து முடிச்சது, தியேட்டருக்கு வந்ததுதான் அப்புறம். இதைக் கவனிக்காம ‘விபத்துக்குப் பிறகும் ராணுவ உடையில் நடித்தார்’னு எழுதற ஆள் உண்டு.

நேரம் கம்மின்னா மூணு படம் போதும்: ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’, ‘சாங் ஆஃப் ரஷ்யா’, 1948-ல வந்த ‘தி சைன் ஆஃப் தி ராம்’. ஆமா, 1948. சக்கர நாற்காலியில உட்கார்ந்தே, டைட்டில்ல முதல் பேரா நடிச்ச படம். ‘அதோட சரி’ங்கிற வரி தப்பு.

‘ராண்டம் ஹார்வெஸ்ட்’ல நீங்க மறுபடி போட்டுப் பார்க்க வேண்டிய இடம் சர்ச் காட்சி. கதை தெரியாதவங்களுக்கு: முதல் உலகப் போர்ல நினைவு தவறின ராணுவ அதிகாரி பவுலாங்கிற பொண்ணைக் கல்யாணம் பண்றான். லிவர்பூல்ல வண்டி மோதினதும் பழைய நினைவு வந்துடுது, நடுவுல பவுலாவோட வாழ்ந்த காலம் மட்டும் அழிஞ்சுபோகுது. திரும்பிப் போன பணக்காரக் குடும்பத்துல கிட்டி அவனோட உடன்பிறந்தவர் வழியில பொண்ணு முறை, ரத்த உறவு கிடையாது. 15 வயசுல அவன் மேல பிரியம் வச்சு, வருஷக்கணக்கா கடிதம் எழுதி, கடைசியில நிச்சயமாகி, கல்யாணத்துக்கு எந்தப் பாட்டு வாசிக்கணும்னு தேர்ந்தெடுக்க ரெண்டு பேரும் சர்ச்சுக்கு வந்திருக்காங்க. ஆர்கன்ல ஒரு பாட்டு ஒலிக்குது. அது பவுலா கல்யாணத்துல ஒலிச்ச பாட்டு. அவனுக்கு ஏன்னு தெரியல, முகம் மட்டும் எங்கேயோ போயிடுது. கிட்டி பேசிக்கிட்டே திரும்பறா. அவன் தன்னைப் பார்க்கிற பார்வையில தான் இல்லைங்கறதைக் கண்டுபிடிக்கிறா. முதல்ல சிரிப்பு உதட்டுல அப்படியே தங்குது, கண்ணு முந்திக்குது, அப்புறம்தான் சிரிப்பு இறங்குது. அழுகை கிடையாது, குரல் உயரலை. நிச்சயத்தை அவளே முறிக்கிறா. பரிந்துரை கிடைச்சது இந்தக் காட்சிக்காகத்தான்னு சொன்னா மறுக்க ஆள் இருக்க மாட்டாங்க. 15 வயசுப் பெண்ணாவும் கல்யாணப் பெண்ணாவும் வர்றவங்களுக்கு அப்போ நிஜத்துல 20, 21 வயசு. ரெண்டையும் பிரிச்சுக் காட்டறது மேக்கப் இல்லை, நடையும் பேச்சோட வேகமும்.

ஒரு ஓரக் குறிப்பு: நம்ம ‘அமரதீபம்’ (1956) இந்தப் படத்தோட சாயல்ல வந்ததுதான். வங்காளத்துல ‘ஹாரானோ சுர்’ (1957). கிட்டி மாதிரி விலகிப்போற பாத்திரத்தை நம்ம ரசிகர்கள் சட்டுனு அடையாளம் கண்டுக்குவாங்க, வீடியோவுல அதைத் தொட்டுப் போகலாம்.

ரீல்மாற்றி

கருப்புவெள்ளை சொன்னதோட ஒண்ணு சேர்த்துக்கோங்க. ஆஸ்கர் ‘சிலையைத் தவறவிட்டார்’னு எழுதிடாதீங்க. 1943 மார்ச் 4-ல நடந்த அந்த விழாவில துணை நடிகர், நடிகைக்குச் சிலை கிடையாது, தகடுதான் கொடுத்தாங்க. முழுச் சிலை அடுத்த வருஷ விழாவிலிருந்து. ஜெயிச்சது ‘மிஸஸ் மினிவர்’ படத்துக்காக டெரேசா ரைட். கூடப் போட்டியிட்டவங்க கிளாடிஸ் கூப்பர், ஆக்னஸ் மூர்ஹெட், டேம் மே விட்டி. ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’க்கு மொத்தம் 7 பரிந்துரை, ஒண்ணுகூடக் கிடைக்கலை. இதுல ஒரு வேடிக்கை, அன்னைக்குப் போட்டியாளரா இருந்த மே விட்டி 1948-ல ‘தி சைன் ஆஃப் தி ராம்’ல இவங்களோட நடிக்கிறாங்க.

அடுத்து, 1943-ல எடுத்த எம்ஜிஎம் குழுப்படம் ஒண்ணு பிரபலம். நடுவுல லூயி பி. மேயர், சுத்தி ஸ்டுடியோ நட்சத்திரங்கள். முன்வரிசையில ஐரீன் டன்னுக்கும் ஜின்னி சிம்ஸுக்கும் நடுவுல உட்கார்ந்திருக்கறது சூசன் பீட்டர்ஸ். அந்த வரிசையில உட்காரவைக்கிறது சும்மா இல்லை. 1944-ல எம்ஜிஎம் 10 பேரைச் சாதாரண நடிகர் பட்டியல்லேருந்து நட்சத்திரப் பட்டியலுக்கு ஏத்தினாங்க: எஸ்தர் வில்லியம்ஸ், ஜீன் கெல்லி, வான் ஜான்சன், கேத்ரின் கிரேசன், லாரெய்ன் டே இவங்களோட பீட்டர்ஸும். மத்த பேரைப் பாருங்க, அப்போ தெரியும் எவ்வளவு தூரம் போயிருக்க வேண்டியவங்கன்னு.

ஒப்பந்தக்காரர்

படங்கள் ஏன் இவ்வளவு குறைவு என்பதற்கு விபத்தை மட்டும் காரணமாகச் சொல்வது பாதிக் கதை. அன்றைய ஸ்டுடியோ ஒப்பந்தம் எப்படி இயங்கியது என்று பார்க்காமல் 1940–44 புரியாது.

வழக்கமான ஒப்பந்தம் 7 ஆண்டு. ஆனால் 7 ஆண்டும் ஸ்டுடியோவுக்குத்தான் உறுதி, நடிகருக்கு அல்ல. புதுமுகத்துக்கு முதலில் 6 மாத ஆப்ஷன். 6 மாதம் முடியும்போது ஸ்டுடியோ விரும்பினால் சம்பளத்தைக் கொஞ்சம் கூட்டி நீட்டிக்கும், விரும்பாவிட்டால் விட்டுவிடும். நடிகர் தானாக விலக முடியாது. பெரும்பாலும் ஆண்டுக்கு 40 வாரத்துக்குத்தான் சம்பளம், மீதி 12 வாரம் சம்பளமில்லாத இடைவெளி. கொடுத்த வேஷத்தை மறுத்தால் சஸ்பென்ஷன், அந்த நாட்களும் ஒப்பந்தக் காலத்தின் கடைசியில் சேர்க்கப்படும். ஆகவே வார்னர் ‘நீக்கியது’ என்று எழுதாதீர்கள். ‘ஆப்ஷனைப் புதுப்பிக்கவில்லை’ என்பதே சரி. நீக்கம் என்றால் ஏதோ தவறு செய்தார் என்ற தொனி வந்துவிடும்.

இந்தச் சஸ்பென்ஷன் முறையை உடைத்தவர் ஒலிவியா டி ஹாவிலண்ட். சூசன் சின்ன வேஷத்தில் வந்த ‘சான்ட்டா ஃபே ட்ரெயில்’ கதாநாயகியேதான். 7 ஆண்டு என்றால் நாள்காட்டிப்படி 7 ஆண்டு, சஸ்பென்ஷன் நாட்களைக் கூட்டி நீட்டிக்கக் கூடாது என்று கலிபோர்னியா மேல்முறையீட்டு நீதிமன்றம் 1944 டிசம்பர் 8-ல் தீர்ப்பளித்தது. நடிகர்கள் பேரம் பேசும் காலம் அங்கே தொடங்குகிறது. சூசனின் விபத்து 1945 ஜனவரி 1. இடைவெளி மூன்று வாரத்துக்குச் சற்று மேல்.

‘சாங் ஆஃப் ரஷ்யா’ பற்றியும் ஒன்று. அமெரிக்காவும் சோவியத் யூனியனும் ஒரே அணியில் இருந்தபோது எடுத்த படம். அமெரிக்க இசை நடத்துநர் ஒருவர் சோவியத் கிராமத்துப் பியானோக்காரி நாத்யாவைக் காதலிக்கிறார், நடுவில் ஜெர்மானியப் படை வருகிறது. நாத்யாதான் சூசன். 1944-ல் இது நட்புப் பிரச்சாரம். 1947-ல் அதே படம் குற்றப்பத்திரிகை ஆகிவிட்டது. அந்த அக்டோபரில், ஹாலிவுட்டில் கம்யூனிச ஊடுருவல் பற்றி அமெரிக்க நாடாளுமன்றக் குழு நடத்திய விசாரணையில் எழுத்தாளர் அயன் ராண்ட் இந்தப் படத்தைக் காட்சி காட்சியாகப் பிரித்துப் பேசினார்: நன்றாக உடுத்திச் சிரித்துக்கொண்டு திரியும் கிராமத்தார் பொய் என்பது அவருடைய வாதம். ராபர்ட் டெய்லர், தனக்கு இந்தப் படத்தில் நடிக்க விருப்பமில்லை என்று சாட்சி சொன்னார். திரைக்கதை எழுதிய பால் ஜாரிகோ பின்னால், ஸ்டுடியோக்கள் வேலை தர மறுத்தவர்களின் கறுப்புப் பட்டியலில் சேர்ந்தார். ஒரு நடிகையின் பெரிய கதாநாயகி வேஷங்களில் ஒன்று ஸ்டுடியோவே வெளியில் எடுக்கக் கூச்சப்படும் படமாகிவிட்டது. சூசனின் பெயர் மங்கியதில் இதற்கும் பங்கு உண்டு என்பது என் கணிப்பு. விபத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் இதைத் தொடுவதே இல்லை.

பிலிம்சுருள்77

அருமை, ரொம்ப நன்றி. விபத்தைப் பத்தி எவ்வளவு சொல்றது சரியா இருக்கும்? சில தளத்துல ‘தற்கொலை’ன்னு இருக்கு, சில இடத்துல ‘பட்டினி கிடந்து’ன்னு இருக்கு.

வார்டுநம்பர்6

தற்கொலை என்பது தவறு. எழுதாதீர்கள்.

விபத்து: 1945 புத்தாண்டு நாள், கணவர் ரிச்சர்ட் குவைனுடன் சான் டியேகோ பக்கத்து மலைப்பகுதியில் வேட்டைக்குப் போனபோது துப்பாக்கியை எடுக்கக் கை நீட்டினார், அது வெடித்தது. குண்டு முதுகுத்தண்டில் தங்கிவிட்டது. இடுப்புக்குக் கீழ் நிரந்தரச் செயலிழப்பு. இதற்கு மேல் காட்சி விவரம் சேர்க்க வேண்டியதில்லை. சேர்ப்பவர்கள் பெரும்பாலும் கற்பனையில் சேர்க்கிறார்கள்.

இறப்பு: 1952 அக்டோபர் 23, கலிபோர்னியா விசேலியா மருத்துவமனை, வயது 31. நாள்பட்ட சிறுநீரகத் தொற்று, அதோடு நிமோனியா. உணவை ஏற்காமல் உடல் வற்றிப்போனதும் சேர்ந்தது. ‘பட்டினி’ என்ற சொல் அங்கிருந்துதான் பரவியது. தனியாக அதை மட்டும் எடுத்துப் போட்டால் பொருளே மாறிவிடும்.

குண்டு பட்டது 1945-ல், சிறுநீரகம் கெட்டது 1952-ல். இரண்டுக்கும் என்ன சம்பந்தம் என்று பார்வையாளர் கேட்பார், அதை இரண்டு வரியில் விளக்கிவிடுங்கள். தண்டுவடம் அறுந்தால் கால் மட்டும் போவதில்லை, சிறுநீர்ப்பையின் கட்டுப்பாடும் போகிறது. சாதாரணமாக 400–500 மில்லி சேர்ந்ததும் பை நிறைந்தது என்று மூளைக்குச் செய்தி போகும். இங்கே செய்தியும் போகாது, பை முழுதாகக் காலியாவதும் இல்லை. மிஞ்சி நிற்கும் சிறுநீரில் கிருமி வளரும். பைக்குள் அழுத்தம் கூடினால் அது மேல்நோக்கிச் சிறுநீரகத்துக்கே திரும்பும். குழாயை நிரந்தரமாகப் பொருத்தி வைத்தால் குழாய் வழியாகவே கிருமி ஏறும். நேரம் பார்த்துச் சுத்தமான குழாய் விட்டு எடுக்கும் இன்றைய முறை பரவலானது 1970-களில்தான்.

மருந்து? பெனிசிலின் அமெரிக்காவில் பொதுமக்களுக்குத் தாராளமாகக் கிடைத்ததே 1945-ல். அதுவும் சிறுநீர்ப் பாதையைத் தாக்கும் குடல்வகைக் கிருமிகள் பலவற்றின் மேல் அவ்வளவாக வேலை செய்யாது. அடுத்து வந்த ஸ்ட்ரெப்டோமைசினுக்குக் கிருமிகள் சீக்கிரமே பழகிக்கொண்டன. இன்னொரு பக்கம் படுக்கைப் புண்: உணர்ச்சி இல்லாத தோலில் ஒரே இடத்தில் அழுத்தம் விழுந்தால் புண்ணாகும், இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திருப்பிப் படுக்க வைக்க வேண்டும். இங்கிலாந்தில் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் மருத்துவர் லுட்விக் குட்மன் இதை ஒழுங்கான சிகிச்சையாக்கத் தொடங்கியதே 1944 பிப்ரவரியில்தான். அந்தக் காலத்தில் இப்படிப்பட்டவர்களுக்குச் சிறுநீரகச் செயலிழப்பே எமனாக வந்தது. அந்தக் கணக்கில் பார்த்தால் ஏழே முக்கால் ஆண்டு, அதற்குள் ஒரு படம், மேடைச் சுற்றுப்பயணங்கள், தினசரித் தொலைக்காட்சித் தொடர். இதைச் சோகக் கதையாக மட்டும் சொல்வது அவருக்குச் செய்யும் அநியாயம்.

மேடைத்திரை

கடைசி வரிக்கு வர்றேன், ஏன்னா ‘உட்கார்ந்தபடி’ அவங்க பண்ண வேலையைப் பத்தி யாருமே விரிவா எழுதலை.

எம்ஜிஎம் விபத்துக்கு அப்புறமும் கொஞ்ச காலம் சம்பளம் கொடுத்துது, கதையும் கொண்டுவந்துது. வந்ததெல்லாம் ‘பாவம், ஆனா எப்பவும் சிரிச்ச முகம்’ வகை. அதை அவங்க ஏத்துக்கலை. எம்ஜிஎம்மை விட்டு வெளியே வந்து கொலம்பியா ஸ்டுடியோவுக்காக ‘தி சைன் ஆஃப் தி ராம்’ பண்ணாங்க. இயக்கம் ஜான் ஸ்டர்ஜஸ், பின்னாடி பெரிய வெஸ்டர்ன் படங்கள் எடுத்தவர். ஒளிப்பதிவு பர்னட் கஃபி. தேர்ந்தெடுத்த வேஷத்தைக் கவனிங்க: கார்ன்வால் கடற்கரைக் குன்று மேல ஒரு வீடு, அதுல லியாங்கிற கவிஞர். கணவரோட பிள்ளைகளைக் கடல்லேருந்து காப்பாத்தப் போய்க் கால் போனவ. எல்லாரும் அவளைத் தெய்வமா நினைக்கிறாங்க. அவளோ குடும்பத்துல ஒருத்தரும் தன் பிடியைவிட்டுப் போகக் கூடாதுன்னு கல்யாணங்களைக் கெடுத்து, பொய் சொல்லி, ஒரு பெண்ணைத் தற்கொலைக்கு முயல்ற அளவுக்குத் தள்ளறா. இரக்கத்தை ஆயுதமா பயன்படுத்தற வில்லி. ரசிகர் இரக்கப்படக் காத்திருந்த நேரத்துல இந்த வேஷத்தை எடுத்துக்கிட்டது துணிச்சல்தான். படம் சுமார்னு நான் நினைக்கிறேன், வசனம் நீளம், முடிவு ஊகிக்கக்கூடியது. அவங்க நடிப்பு சுமார் இல்லை.

பார்க்கும்போது எதைக் கவனிக்கணும்னா: நிக்கிறவர் முகமும் உட்கார்ந்தவர் முகமும் ஒரே சட்டகத்துல வந்தா உயரம் இடிக்கும். கேமராவை நிக்கிறவர் கண் மட்டத்துல வச்சா உட்கார்ந்தவர் மேலேருந்து பார்க்கப்பட்டுச் சின்னதாத் தெரிவார், பாவம்னு தோணும். உட்கார்ந்தவர் கண் மட்டத்துக்கு இறக்கினா நிக்கிறவர் தலை வெட்டுப்படும், இல்லேன்னா பின்னாடி தள்ளி நிறுத்தணும். அதனால அதிகாரம் யார் கையிலங்கறது கேமரா உயரத்துலயே முடிவாயிடும். லியா பேசற காட்சிகள்ல யார் குனியறாங்க, யார் பக்கத்துல வந்து உட்கார்றாங்க, யார் நின்னுக்கிட்டே பேசித் தோக்கறாங்கன்னு ஒலியை நிறுத்திட்டு ஒருதரம் பாருங்க. நடிகைக்கு மிச்சம் இருக்கிற கருவி கழுத்து, தோள், கை, கண், குரல். ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’ சர்ச் காட்சியும் ஏறக்குறைய இதே கருவிகளாலதான் ஓடுது, நடையே இல்லாம. 1942 கிளிப்பையும் 1948 கிளிப்பையும் அடுத்தடுத்துப் போட்டீங்கன்னா உங்க வீடியோவுக்கு வேற வாதமே வேண்டாம்.

மேடைக்கும் இதே கணக்குலதான் நாடகம் எடுத்தாங்க. டென்னஸி வில்லியம்ஸோட ‘தி கிளாஸ் மெனாஜரி’யில லாரா. மூலத்துல லாராவுக்குக் கால் ஊனம், ஆனா நடப்பா. இங்கே சக்கர நாற்காலி. கேட்க லேசா இருக்கும், ஆனா அந்த நாடகத்துல ஜிம்மோட ஆடறப்போ மேசையில இடிச்சுத்தான் கண்ணாடிக் குதிரையோட கொம்பு உடையும். ஆட்டத்தை மாத்தாம அந்தத் திருப்பம் நிக்காது. அடுத்து ‘தி பாரட்ஸ் ஆஃப் விம்போல் ஸ்ட்ரீட்’, கவிஞர் எலிசபெத் பாரட் வேஷம். பெரும்பாலும் சோபாவுல சாய்ஞ்சே நடக்கிற நாடகம், கையாள வசதி. ஆனா அதுலயும் எலிசபெத் எழுந்து நிக்கிற இடம்தான் கதையோட திருப்பமே, அதுக்கு வேற வழி கண்டுபிடிச்சாகணும். கதையில நாற்காலிக்கு இடம் தேடறது ஒரு பாதி வேலை, அதுக்காக எது உடையுதோ அதைத் தைக்கிறது மறுபாதி.

கடைசியா ‘மிஸ் சூசன்’. என்பிசி தொலைக்காட்சி, 1951 மார்ச் 12 முதல் டிசம்பர் வரை, வார நாள்ல தினம் 15 நிமிஷம், ஃபிலடெல்ஃபியாவிலேருந்து நேரலை. வேஷம் சக்கர நாற்காலியில இருக்கிற வக்கீல். நேரலைன்னா ரீடேக் கிடையாது. தினமும் புது வசனம், மதியம் ஒளிபரப்பு, மறுநாள் திரும்ப ஆரம்பம். முழு உடல்நலத்தோட இருக்கிறவங்களையே ஆட்டிப்பார்க்கிற வேலை. வார்டுநம்பர்6 சொன்ன உடல் நிலைமையில இதைப் பண்ணாங்கன்னு சேர்த்துப் படிச்சா அந்த 9 மாசத்தோட கனம் புரியும். வீடியோடேப் வந்ததே 1956-ல. அதுக்கு முன்னாடி நேரலையைப் பாதுகாக்க ஒரே வழி, மானிட்டர் திரையை ஃபிலிம் கேமராவுல படம் பிடிக்கிற கினெஸ்கோப். பகல் நேரத் தொடர்களை யாரும் அப்படிப் பத்திரப்படுத்த மெனக்கெடலை. அதனால யூடியூப்ல ‘மிஸ் சூசன் முழு எபிசோட்’னு எதாவது கண்ணுல பட்டா, பகிர்றதுக்கு முன்னாடி உள்ளே இருக்கிற முகம் அவங்கதானான்னு பாருங்க.

பிலிம்சுருள்77

மேடைத்திரை சொன்ன ரெண்டு கிளிப் யோசனை எடுத்துக்கிட்டேன். கடைசியா ஒண்ணு, கிளிப்பும் ஸ்டில்லும் பயன்படுத்தறதுல எங்கே மாட்டுவேன்?

ரீல்மாற்றி

மூணு இடத்துல மாட்டுவீங்க.

ஒண்ணு உரிமை. ‘சான்ட்டா ஃபே ட்ரெயில்’, ‘மீட் ஜான் டோ’ ரெண்டுக்கும் 28-வது வருஷத்துல காப்பிரைட்டைப் புதுப்பிக்காம விட்டதால அமெரிக்காவுல பொதுச்சொத்து. தாராளமா எடுங்க, ஆனா சுத்தற பிரதி பெரும்பாலும் மங்கல். ‘ராண்டம் ஹார்வெஸ்ட்’ அப்படி இல்லை, அமெரிக்காவுல 2037 முடியறவரைக்கும் உரிமை இருக்கு. எம்ஜிஎம்மோட பழைய படங்கள் டர்னர் வழியா இப்போ வார்னர் கையில. இந்தியச் சட்டப்படி சினிமாவுக்கு 60 வருஷம்தான்னு வாதாடலாம், ஆனா யூடியூப்போட தானியங்கிச் சோதனை அந்த வாதத்தையெல்லாம் கேட்காது. ஒலியோட நீளமா ஓட்டினா பிடிச்சுடும். சின்னச் சின்னத் துண்டா வெட்டி, மேல உங்க விளக்கம் ஓடற மாதிரி வைங்க. சர்ச் காட்சியில ஆர்கன் இசை ஓடறதால அங்கேதான் முதல்ல மணி அடிக்கும்.

ரெண்டு, சட்டக விகிதம். இந்தப் படமெல்லாம் 1.37-க்கு 1. உங்க வீடியோ 1920-க்கு 1080. உயரம் 1080 நிரம்பணும்னா அகலம் 1480 வரும், ரெண்டு பக்கமும் 220 பிக்சல் கறுப்பா விடுங்க. நிரப்பணும்னு இழுத்தா முகம் பூசணிக்காய் ஆயிடும், மேலேயும் கீழேயும் வெட்டினா கழுத்தும் கையும் போயிடும். உங்க வாதமே கழுத்தும் கையும்தான்.

மூணு, வேகம். ஐரோப்பிய டிவிடியில வினாடிக்கு 24 சட்டகத்தை 25-ஆ ஓட்டுவாங்க. 126 நிமிஷப் படம் 121-ல முடிஞ்சுடும், குரலும் 4 சதவீதம் கீச்சுன்னு ஏறும். அந்தப் பிரதியோட நேரக் குறிப்பை அமெரிக்கப் பிரதியில தேடினா கிடைக்காது. குரலைப் பத்திப் பேசப்போறீங்கன்னா 24-க்கு இறக்கிட்டுப் பேசுங்க.

ஸ்டில்லுக்கு: பழைய விளம்பரப் படங்களோட கீழ் மூலையில ஒரு எண், ஒரு கோடு, இன்னொரு எண் இருக்கும். முதல் எண் படத்தோட தயாரிப்பு எண், ரெண்டாவது ஸ்டில்லோட வரிசை. ஒரே படத்தோட ஸ்டில் எல்லாத்துலயும் முதல் எண் ஒண்ணா இருக்கும். சந்தேகமான ஸ்டில் வந்தா, உறுதியாத் தெரிஞ்ச ஒரு ஸ்டில்லோட முதல் எண்ணை ஒப்பிட்டாப் போதும், எந்தப் படம்னு தெரிஞ்சுடும். பின்பக்கம் பத்திரிகை ஆபீஸ் தேதி முத்திரை இருந்தா அது அச்சான தேதி, எடுத்த தேதி இல்லை. சூசன் விஷயத்துல இது முக்கியம்: 1945 முத்திரை குத்தின, நின்னுக்கிட்டிருக்கிற படங்கள் 1944-லயோ அதுக்கு முன்னாடியோ எடுத்தவை.

கருப்புவெள்ளை

ரீல்மாற்றி சொன்ன முத்திரை விஷயம் ஹாலிவுட் நடைபாதை நட்சத்திரத்துக்கும் பொருந்தும். வைன் ஸ்ட்ரீட் 1601-ல இவங்க பேருக்கு ஒண்ணு இருக்கு. அது பதிச்சது 1960-ல, இறந்து 7 வருஷத்துக்கு மேல ஆனப்புறம். அந்தப் படத்தைப் போட்டு ‘வாழும்போதே கௌரவம்’னு வாய்ஸ்ஓவர்ல சொல்லிடாதீங்க.

கணவரா இருந்த ரிச்சர்ட் குவைனை விபத்தோட மட்டும் கட்டி விட்டுடாதீங்க. ‘டிஷ்’ல ரெண்டு பேரும் சேர்ந்து நடிச்சவங்க, 1943 நவம்பர்ல கல்யாணம், 1946-ல ஒரு ஆண் குழந்தையைத் தத்தெடுத்தாங்க, 1948-ல விவாகரத்து. அவர் அப்புறம் இயக்குநரா பேர் வாங்கினார்.

‘தி சைன் ஆஃப் தி ராம்’ கிளிப் எடுக்கும்போது கடைசிப் பனிமூட்டக் காட்சியைத் தவிர்க்கப் பாருங்க. எல்லாரும் அதைத்தான் போடறாங்க, அதுல முகமே தெரியாது. நடுவுல, சின்னப் பெண் பக்கத்துல உட்கார்ந்திருக்க, லியா குரலை உயர்த்தாம அவ மனசுல நஞ்சை ஊத்தற இடத்தை எடுங்க.